வெட்டிய நாலு நிமிஷம்

ஆம்பூர் ஷூ கம்பெனியில் தோலைத் தரம் பார்ப்பவர் பஞ்சாட்சரம். கீறல் கண்ணில் பட்டால் போதும், சுற்றி வட்டம் போட்டு வெட்டச் சொல்லிவிடுவார்.

முப்பது வருஷத்துக்கு முன் தடை செய்யப்பட்ட ஒரு கலைப்படத்தின் வீடியோ கேசட் அவரிடம் இருந்தது. அதைக் கம்ப்யூட்டரில் ஏற்றி, கோடுகோடாய்க் கெட்டிருந்த நாலு நிமிஷத்தை வெட்டி எறிந்துவிட்டு, இணையத்தில் பழைய படங்களைச் சேமிக்கும் தளத்தில் போட்டார்.

மறுநாளே யாரோ அங்கே கேட்டிருந்தார்கள்: "சாதி கேட்ட முதலாளியை அந்தப் பெண் செருப்பால் அடிப்பாளே, அதற்காகத்தானே தடை? அந்தக் காட்சி எங்கே?"

பஞ்சாட்சரத்துக்கு இருப்புக் கொள்ளவில்லை. கூடத்துக்கும் வாசலுக்குமாக நடந்தார்.

"நம்ம தெருவே ரீவைண்ட் பண்ணிப் பண்ணிப் பாத்த சீனுங்க அது," என்றாள் மனைவி பாக்யலட்சுமி. "கெட்டுப்போவல, தேஞ்சுபோச்சு. கேசட்டு பீரோலதான கீது? மறுபடி ஏத்துங்க. இதுக்கு ஏன் இவ்ளோ பேஜாரு?"

"ஏத்திடலாம். ஆனா முப்பது வருஷமா கவர்மென்ட் கைல சிக்காத சீன, நானே ஒக்காந்து வெட்டிட்டனே பாக்யா!"