திராவகம் என்று எழுதிவைத்த எங்கள் அக்கா

அருகன் திருவடியை வணங்கி, அக்கா மறைந்து ஓராண்டு நிறையும் இந்நாளில் இந்த நினைவு மலரைக் கையில் வாங்கியிருக்கும் உற்றார் உறவினர்க்கும் நண்பர்களுக்கும் அவருடைய ஒரே தங்கை எழுதுவது. இப்படிப்பட்ட மலர்களில் ஒரு குத்துவிளக்குப் படம் போட்டு, "பண்பின் சிகரம், பாசத்தின் உறைவிடம்" என்று நாலு வரி அச்சடித்து முடித்துவிடுவார்கள். அச்சாபீசில் அந்த வரிகளைக் கோத்தே வைத்திருக்கிறார்கள்; உறவுமுறையை மட்டும் மாற்றினால் போதுமாம். என் வீட்டுக்காரரும், "அதையே போட்டுட்டுப் போவியா, ஊர்ல எதுக்குப் பகை?" என்றார். பகை என்ன எனக்குப் புதிதா? அக்கா இருந்தவரை ஊர் பேசியது, அவர் கேட்டுக்கொண்டிருந்தார். இப்போது நான் பேசுகிறேன், ஊர் கொஞ்சம் கேட்கட்டும்.

அக்கா மேல்சித்தாமூரில் அம்மாவின் பிறந்த வீட்டில் பிறந்தார். வளர்ந்தது முழுக்கச் செஞ்சியில். நைனாவுக்கு மல்லாட்டை வியாபாரம்; வேர்க்கடலை மூட்டை வாங்கி விற்பார். அக்கா பள்ளி இறுதி வகுப்பில் இருந்தபோது நைனா மார்வலி என்று படுத்தவர் எழுந்திருக்கவில்லை. "பொட்டப்புள்ளைக்கு இவ்ளோ படிச்சது போதும்" என்று துக்கம் விசாரிக்க வந்த இடத்திலேயே சொன்னவர்கள் உண்டு. அம்மா ஒருவர் பேச்சையும் காதில் போட்டுக்கொள்ளாமல் அக்காவைச் சென்னைக்கு அனுப்பினார். அங்கே விடுதியில் விளக்கு வைத்த பிறகுதான் சோற்று மணி அடிப்பார்களாம். சமணராய்ப் பிறந்த நாம் பொழுது போனபின் உண்பதில்லையே! காலையில் எடுத்து வைத்த இட்லியைச் சாயங்காலம் வெளிச்சம் இருக்கும்போதே தின்றுவிட்டு, ராத்திரி வெறும் வயிற்றோடு படித்துத்தான் அக்கா ரசாயனத்தில் பட்டம் வாங்கினார். நம் நெறியை அவரைவிடக் கெட்டியாகப் பிடித்தவர் இந்தச் செஞ்சியில் யார் என்று எனக்குத் தெரியவில்லை. பின்னால் நெறியின் பேரைச் சொல்லித்தான் அவரை அடித்தார்கள்.

பட்டம் வாங்கி வந்தவருக்கு நம்மூர்ப் பெண்கள் பள்ளியிலேயே வேலை கிடைத்தது. பள்ளிக்குக் கரஸ்பாண்டென்ட் எங்கள் ஒன்றுவிட்ட பெரியப்பா. கமிட்டியிலும் பாதிப்பேர் நம் உறவுதான். ரசாயன அறை என்று ஒன்று அதற்குமுன் அங்கே பூட்டியே கிடந்தது. அக்கா வந்துதான் அதைத் திறந்து, ஒட்டடை அடித்து, பாட்டில்களைத் துடைத்து அடுக்கினார். உதவிக்கு ரஹீம் பாய் என்ற அட்டெண்டர். திராவகம் இருந்த பாட்டில்களில் எல்லாம் அக்கா தம் கையாலேயே சிவப்புப் பெயிண்டால் "திராவகம்" என்று கொட்டை எழுத்தில் எழுதினார்.

இந்தச் சொல்லைப் பற்றிக் கொஞ்சம் சொல்லவேண்டும். அக்காவின் வாழ்க்கை இதில்தான் போயிற்று. திராவகம் என்றால் உருகி ஓடுவது, அவ்வளவுதான் என்பார் அக்கா. சொல்லின் வேரில் பயம் ஏதும் இல்லை. கை வெந்தவர்கள்தான் அதில் பயத்தைச் சேர்த்தார்கள். செஞ்சியில் யாரைக் கேட்டாலும் அது தெரியும். பத்தர் பொன்னை உரைத்துப் பார்க்க வைத்திருப்பது திராவகம். பஸ் ஸ்டாண்டுப் பக்கம் பேட்டரிக்கு ஊற்றுவது திராவகம். வைத்தியர் சங்கத் திராவகம் கொடுத்தால்கூட, "சொட்டுக் கணக்கு தப்பினா நான் பொறுப்பில்ல" என்று சொல்லித்தான் கொடுப்பார். சண்டையில், "பேச்சா அது, திராவகம்!" என்பார்கள். எழுத்துக் கூட்டிப் படிக்கிறவர் முதல் பள்ளிக்கூடம் பெருக்க வருகிற அம்மாள் வரை, அந்தப் பேரைக் கேட்டால் கையை இழுத்துக்கொள்வார்கள். அக்காவுக்கு வேண்டியது அந்த இழுத்துக்கொள்ளுதல்தான்.

பிறகு பாடப்புத்தகத்தில் "அமிலம்" வந்தது. அக்கா அதற்கும் விரோதி அல்ல. வகுப்பில் அமிலம் என்றே நடத்தினார். பிள்ளைகள் அமிலம் என்றே எழுதி மார்க் வாங்கினார்கள். ஆனால் பாட்டிலில் மட்டும் பழைய பேரை விடவில்லை. பள்ளிக்கு இன்ஸ்பெக்ஷன் வரப்போகிறது என்று பெரியப்பா ஒருநாள் அறையைச் சுற்றிப் பார்க்க வந்தார். அன்று நடந்ததை அக்கா வீட்டுக்கு வந்து பெரியப்பா மாதிரியே இடுப்பில் கைவைத்து நடித்துக் காட்டினார்.

"இன்னாம்மா இது, சாராயக் கடையாட்டம் சிவப்புல கிறுக்கி வச்சிருக்க? திராவகமாம்! பத்தர் கடையா நடத்துறோம்? புஸ்தகத்துல அழகாத் தமிழ்ல அமிலம்னு போட்டிருக்குது."

"ரெண்டுமே வடக்கேயிருந்து வந்த சொல்லுதான் பெரியப்பா. அமிலம்னா புளிப்பு. புளிப்புன்னா குழந்தை நாக்கை நீட்டும். திராவகம்னா ஓடிப்போயிடும். பாட்டில்ல மட்டும் இருந்துட்டுப் போகட்டுமே. பெருக்க வர்றவங்களுக்கும் தெரிஞ்ச பேரு."

"பெருக்க வர்றவங்களுக்காகவா பள்ளிக்கூடம் கட்டிவச்சிருக்குது?"

அன்று நாங்கள் விழுந்து விழுந்து சிரித்தோம். மறுநாள் சிவப்புப் பெயிண்டைச் சுரண்டச் சொல்லி உத்தரவு வந்தது. எல்லாப் பாட்டிலுக்கும் ஒரே அளவில் வெள்ளைச் சீட்டு, பொடி எழுத்து. அறை பார்க்க லட்சணமாகத்தான் இருந்தது. வந்த இன்ஸ்பெக்டரும் பாராட்டிவிட்டுப் போனார்.

இனி, நம்மவர் செய்துகொண்டிருந்த ஒரு காரியத்தைச் சொல்லவேண்டும். வேறு ஊரில், வேறு மக்கள் இப்படி ஒன்றைச் செய்திருக்க மாட்டார்கள். நாம் தண்ணீரைத் துணியில் வடித்து, காய்ச்சித்தான் குடிக்கிறோம், ஓர் உயிரும் வயிற்றில் போய்ச் சாகக்கூடாது என்று. ரசாயன அறையில் அக்கா தண்ணீரைக் கொதிக்க வைத்து, ஆவியைக் குளிரவைத்துச் சொட்டுச் சொட்டாய்ப் பிடிப்பதைப் பெரியப்பா பார்த்துவிட்டார். "அப்போ இதுல ஒரு ஜீவனும் இருக்காதில்ல?" என்று கேட்டார். "இருக்காது" என்று அக்கா உண்மையைச் சொன்னார். பாவி, அதைச் சொல்லாமல் இருந்திருக்கலாம்! அன்றிலிருந்து சதுர்த்தசி நோன்பு வந்தால் பெரியப்பா வீட்டிலிருந்து ஆள் வந்துவிடும். சேதி பரவி, அத்தை ஒரு செம்பு, அடுத்த வீட்டில் ஒரு செம்பு. "இந்தத் தண்ணியில நோன்பு இருந்தா ஒரு துளி பாவமும் கிடையாதாம்" என்று அத்தை தெருவெல்லாம் பெருமை பேசினார்.

அக்கா ஒவ்வொரு முறையும் தடுத்தார். விஷமும் மருந்தும் புழங்குகிற அறையிலிருந்து ஒரு சொட்டுகூட வாயில் படக்கூடாது, அது அங்கே முதல் பாடம் என்றார். "வீட்லயே வடிச்சுக்கலாம், நானே வந்து சொல்லித்தர்றேன்" என்றார். "நம்ம பள்ளிக்கூடம், நம்ம தண்ணி, உனக்கின்னா?" என்று பதில் வந்தது. வேறு வழியில்லாமல், ரஹீம் பாய் மட்டுமே தம் கையால் பிடித்துக் கொடுக்கவேண்டும் என்று ஏற்பாடு செய்தார்.

அந்தச் சதுர்த்தசி ஒரு வெள்ளிக்கிழமை. பாய் பள்ளிவாசலுக்குப் போயிருந்தார். அக்கா வகுப்பில் இருந்தார். பெரியப்பாவின் கணக்கப்பிள்ளை வந்தார், காத்திருக்கப் பொறுமையில்லை, அலமாரியைத் தாமே திறந்தார். உள்ளே எல்லாம் ஒரே மாதிரி பாட்டில், ஒரே மாதிரி வெள்ளைச் சீட்டு, எல்லாவற்றிலும் தண்ணீர் போலவே ஏதோ ஒன்று. சீட்டில் இருந்த புதுப்பேர் அவருக்கு ஒன்றும் சொல்லவில்லை. கைக்கு வந்ததை எடுத்துக்கொண்டு போனார். அது வகுப்புக்காகத் தண்ணீர் கலந்து வைத்திருந்த கந்தகத் திராவகம். கலக்காததாக இருந்திருந்தால் இந்த மலர் வேறொருவருக்காக அச்சாகியிருக்கும்.

பெரியப்பா வெள்ளி டம்ளரில் ஊற்றி, கண்ணை மூடி மந்திரம் சொல்லி, ஒரு வாய் வைத்தார். உடனே துப்பினார். தெரு கூடுமளவுக்குக் கத்தினார். என்னவென்று கத்தினார் தெரியுமா? "ஐயோ, திராவகம்! திராவகத்தைக் குடுத்துட்டாடா பாவி!" அமிலம் என்று கத்தவில்லை. புத்தகம் பார்த்து உத்தரவு போட்ட வாய், வெந்தபோது அக்காவின் சொல்லைத்தான் சொன்னது.

உதடும் நாக்கும் கொப்பளித்து, சில நாள் மோர்க்கஞ்சி குடித்தார். ஆறிவிட்டது. இன்றும் திடகாத்திரமாக இருக்கிறார், இதையும் படித்துக்கொண்டிருப்பார். பெரியப்பா, நீங்கள் நூறு வயது இருக்கவேண்டும். ஆறியது உங்களுக்கு மட்டும்தான்.

பாட்டிலில் பேர் எழுதிய விஷயத்தில் எதிர்த்துப் பேசினாளாம், அந்தக் கோபத்தில் கலந்து கொடுத்தாளாம்! ஒரே வாரத்தில் கதை கட்டிவிட்டார்கள். ஓர் எறும்பை மிதிக்காமல் சுற்றிப்போகிறவருக்குத் "திராவகக்காரி" என்று பேர். கமிட்டி கூடி விசாரித்தது. பெரியப்பா, "அதுக்கு முன்னால நான் தண்ணி கேட்டதே இல்ல. அவளாத்தான் குடுத்தனுப்புனா" என்றார். கணக்கப்பிள்ளை குனிந்த தலை நிமிராமல் ஆமாம் என்றார். செம்பு அனுப்பியவர்களையெல்லாம் கூப்பிட்டுக் கேட்டார்கள். அத்தை, "எனக்கு இன்னாப்பா தெரியும், நான் எங்க வீட்டுக் கிணத்துத் தண்ணியத்தான் வடிச்சுக் குடிக்கிறேன்" என்றார். ஒருவர் பின் ஒருவராக அதையே சொன்னார்கள். நானும் அம்மாவும் தாழ்வாரத்தில் நின்று கேட்டுக்கொண்டிருந்தோம். அம்மா என் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டிருந்தார், நான் உள்ளே பாய்ந்துவிடாமல்.

ரஹீம் பாய் ஒருவர்தான் வாயைத் திறந்தார். "ஒவ்வொரு நோன்புக்கும் நான்தான் புடிச்சுக் குடுத்துக்கினு இருந்தேன். இங்க உக்காந்திருக்கிறவங்க வீட்டுக்கெல்லாம் குடுத்திருக்கேன். டீச்சரம்மா வேணாம் வேணாம்னு தலையால அடிச்சிக்கினாங்க. அல்லா மேல ஆணையாச் சொல்றேன்." அவருக்குக் கிடைத்த பதில், "நம்ம வீட்டு நோன்பைப் பத்தி நீ பேசாத" என்பது. மாதம் முடிவதற்குள் அவரும் வேலையில் இல்லை.

அக்கா அன்று கேட்டது ஒன்றே ஒன்று. வேலையைக் கேட்கவில்லை. "குடிச்சவங்க குடிச்சோம்னு மட்டும் சொல்லுங்க. அது போதும், நான் போயிடுறேன்." ஒவ்வொருவராக எழுந்து செருப்பைத் தேடப் போனார்கள். பள்ளியின் குறிப்பில் "சொந்த விருப்பத்தின்பேரில் விலகினார்" என்று ஏறியது.

வந்தவாசிப் பக்கம் நிச்சயம் செய்திருந்த சம்பந்தம் முறிந்தது. "நாளைக்கு அது கையால சமைச்சதை நம்பி வாயில வைக்கணும்ல?" என்று சொல்லி அனுப்பினார்கள். வீட்டில் பாடம் கேட்க வந்த பெண்பிள்ளைகளும் ஒவ்வொருவராக நின்றுபோனார்கள். கடைசியில் பக்கத்து ஊரான அனந்தபுரத்தில் ஓர் ஆரம்பப் பள்ளியில் இடம் கிடைத்தது. ரசாயனப் பட்டதாரி அங்கே அ, ஆ சொல்லிக்கொடுத்தார். அதையும் சிரித்த முகத்தோடு செய்தார் என்று எழுத எனக்கு ஆசைதான். பொய் எழுத மாட்டேன். அக்கா அதன்பின் சிரிக்கவே இல்லை.

சென்ற ஆண்டு மஞ்சள் காமாலை வந்தது. படுக்கையில் இருந்தபோது உறவினர் சிலர் பார்க்க வந்து, "எல்லாம் அவங்கவங்க வினைப்பயன்" என்று ஆறுதல் சொன்னார்கள். வினை யாருடையது என்று நான் கேட்டேன், எழுந்து போய்விட்டார்கள். கடைசிக்கு இரண்டு நாள் முன்னால் அக்கா என்னை அருகே கூப்பிட்டு, "நான் கொடுக்கலைன்னு உனக்குத் தெரியும். ஊருக்கு எப்ப தெரியும்?" என்றார். 

இறுதிச் சடங்கில் பெரியப்பா ஆளுயர மாலை கொண்டுவந்து போட்டார். இந்த மலருக்கு ஆசியுரையும் எழுதி அனுப்பினார். "தாய்க்குப் பணிவிடை செய்வதற்காகவே தம் பதவியைத் துறந்த உத்தமி" என்று இருந்தது. அதை அச்சுக்குக் கொடுக்கவில்லை. அந்தப் பக்கத்தில்தான் நீங்கள் இதைப் படித்துக்கொண்டிருக்கிறீர்கள்.

நன்றி சொல்லி முடிப்பது முறை. வேலையையும் இழந்து, அக்காவின் பாடையைத் தூக்கத் தோளும் கொடுத்த ரஹீம் பாய்க்கு என் கைகூப்பிய நன்றி. காமாலைக்கு மருந்து அரைத்துக் கொடுத்த அனந்தபுரத்து வைத்தியருக்கும், கடைசி நாள்வரை வாசலில் வந்து நின்ற அந்த ஊர்ச் சிறுபிள்ளைகளுக்கும் நன்றி. மற்றவர்களுக்கு நன்றி சொல்ல எனக்கும் ஆசைதான். அதற்கு இன்று ஒரு வாய்ப்பு இருக்கிறது. பந்தி போடுவதற்கு முன் எல்லோரும் கூடத்தில் உட்கார்ந்திருப்பீர்கள். அம்மாவும் அங்கே இருப்பார். யாராவது ஒருவர் எழுந்து, "நாங்களும் குடிச்சோம், அவ வேணாம்னுதான் சொன்னா" என்று அவர் காதில் விழச் சொன்னால் போதும். சொல்லாதவர்களுக்கும் இலை உண்டு, நிறையவே பரிமாறுவோம். ஆனால் ராஜகிரி மலைக்குப் பின்னால் பொழுது இறங்குவதற்குள் பந்தி முடியவேண்டும். யோசிக்க அதிக நேரம் இல்லை.