முன்னாடி சின்னது, பின்னாடி பெருசு

முதல் காபி ஆறுவதற்குள் யதுகிரி கணவரின் சைக்கிளை வாசலுக்கு உருட்டிவந்து, சீட்டின் மூக்கைக் கேட்டின் குறுக்குக் கம்பியில் மாட்டுகிறாள். பின்சக்கரம் தரையைத் தொடாமல் தொங்குகிறது. ஒரு கையால் மிதியைச் சுற்றிக்கொண்டே மறு கையால் கைப்பிடியில் இருக்கும் விசையைத் தட்டுகிறாள். சங்கிலி ஒவ்வொரு பல்சக்கரமாக ஏறி, ஆகப் பெரியதில் போய் உட்காருகிறது. மிதிக்க மிக லேசான கியர் அதுதான். வண்டியைச் சுவரோரம் சாய்த்துவிட்டு, ஒன்றும் அறியாதவள்போல உள்ளே போய்விடுகிறாள்.

கணவர் யதுநந்தன் தெருமுனை தாண்டுவதற்குள் அதை மாற்றிவிடுவார்.

"யாரோ தினம் என் கியர்ல கை வெக்கறா."

"எலியா இருக்கும்" என்பாள், பின்னால் தன் சைக்கிளில் வந்துகொண்டே.

மின்சார அலுவலகத்தில் வேலை பார்க்கும் யதுகிரிக்கு ஐம்பது தாண்டிவிட்டது. பள்ளிக்கூட நாட்களுக்குப் பிறகு சைக்கிளைத் தொடாமலே இருந்தாள். போன வருஷம் கணவருக்கு நெஞ்சுவலி வந்து, ஸ்டென்ட் வைத்து, கண் விழித்ததும் அவர் மருத்துவரிடம் கேட்ட முதல் கேள்வி, "சைக்கிள் விடலாமா?" என்பதுதான். கொஞ்ச நாள் போகட்டும், அப்புறம் பேசிக்கொண்டே ஓட்ட முடிகிற அளவுக்கு ஓட்டலாம் என்றார் மருத்துவர். யதுநந்தன் காதில் 'ஓட்டலாம்' மட்டும் விழுந்தது. யதுகிரி காதில் 'பேசிக்கொண்டே' மட்டும் விழுந்தது.

அவர் மறுபடி சைக்கிளை எடுத்த வாரமே அவள் மண்டி மொஹல்லாவில் ஒரு சைக்கிள் கடையில் போய் நின்றாள். "சாமுண்டி பெட்டம் ஏறணும். எதுல ஏறினா நெஞ்சு அடிச்சுக்காது?"

கடைக்காரர் பசவராஜ் ஒரு சைக்கிளைக் கவிழ்த்து வைத்துப் பல்சக்கரங்களைக் காட்டினார். "முன்னாடி சின்னது, பின்னாடி பெருசு. மலைக்கு அஷ்டே, அம்மா, அவ்வளவுதான். காலு ஜாஸ்தி சுத்தும், வண்டி மெல்லப் போகும். ஆனா மூச்சு வாங்காது. ஏத்தம் வர்றதுக்கு முன்னாடியே மாத்திடுங்க. ஏத்தத்துல அழுத்தும்போது மாத்துனா செயின் கழண்டுக்கும்."

ஒன்றை வாங்கிவந்த அன்றிலிருந்து முன்னாடி சின்னது, பின்னாடி பெருசு என்று முணுமுணுப்பதே அவளுக்கு வழக்கமாகிவிட்டது. அலுவலகத்தில் மாடிப்படி ஏறும்போதுகூட.

ஞாயிற்றுக்கிழமைகளில் சாமுண்டி மலை. யதுநந்தன் கனத்த கியரில், இடுப்பு ஆட ஆட, கல்லூரிப் பையனைப்போல முன்னால் ஏறுவார். "சின்ன கியர்ல மிதிச்சா காலு சுத்தறது, வண்டி நகரலே. மானம் போறது" என்பார். பின்னால் யதுகிரி, கால்கள் தையல் மிஷின்போலச் சுழல, கேள்வி கேட்டுக்கொண்டே வருவாள். "சாத்தமுதுக்குத் தக்காளி இருக்கா?" "கேஸ் புக் பண்ணேளா?" அவரிடமிருந்து முழு வாக்கியம் வந்தால் அவளுக்கு அடுத்த வளைவு வரை நிம்மதி. வெறும் 'ம்' வந்தால் இன்னும் வேகமாக மிதிப்பாள்.

மார்கழியில் ஒரு ஞாயிறு. பனி விலகவில்லை. வியூ பாயிண்டுக்குக் கீழே உள்ள வளைவில், "ஸுஷ்மா என்ன சொன்னா?" என்று பெங்களூரில் இருக்கும் மகளைப் பற்றிக் கேட்டாள்.

"ம்."

"என்ன சொன்னான்னு கேட்டேனே?"

தோள்கள் ஏறி இறங்க, அவர் வளைவில் மறைந்தார். எட்டிப் பிடிக்கிற அவசரத்தில் யதுகிரி ஏற்றத்திலேயே அழுத்தி மிதித்தபடி கியரை மாற்றினாள். சங்கிலி கழன்றது. கால்கள் வெறுமனே சுற்ற, வண்டி சாய்ந்தது. சங்கிலியைக் கையால் இழுத்துப் பார்த்தாள், சிக்கிக்கொண்டு அசையவில்லை. சைக்கிளை அங்கேயே போட்டுவிட்டு ஓடினாள். வளைவு முடியவே இல்லை என்று தோன்றியது.

யதுநந்தன் ஓரச் சுவரில் முதுகைச் சாய்த்துத் தரையில் உட்கார்ந்திருந்தார். அந்தக் குளிரிலும் முகமெல்லாம் வேர்வை.

"ஒண்ணும் இல்லே… நெஞ்சை ஸ்வல்பம் அழுத்தறது."

இடுப்புப் பையிலிருந்து மாத்திரையை எடுத்து அவர் நாக்கின் கீழ் வைத்தாள். பிறகு நடுச்சாலையில் போய், கிரீஸ் அப்பிய இரண்டு கைகளையும் தூக்கிக்கொண்டு நின்றாள். மலைமேல் கோயிலில் ஆளை இறக்கிவிட்டுக் காலியாக வந்த டாக்ஸி கிறீச்சென்று நின்றது. டிரைவர் லிங்கப்பன் ஒரு வார்த்தை கேட்கவில்லை. "ஹத்தி அம்மா, ஹத்தி, ஏறுங்க" என்று பின்கதவைத் திறந்து, அவரைத் தூக்கி ஏற்ற ஒரு கை கொடுத்தார்.

ஆஸ்பத்திரியில், புது அடைப்பு எதுவும் இல்லை என்றார்கள். ஏற்றத்தில் எதற்கு இத்தனை பலம் போட்டு மிதித்தீர்கள் என்று மருத்துவர் கேட்டபோது, யதுநந்தன் கூரையைப் பார்த்தார்.

மருத்துவர் போன பிறகு யதுநந்தன் மெதுவாகச் சொன்னார்: "அழுத்தறது தெரிஞ்சுது. மேலே போயிடலாம்னுதான் இருந்தேன். திடீர்னு உன் கேள்வி நின்னுபோச்சு. என்னாச்சோன்னு இறங்கினேன்."

யதுகிரி நகக்கண்ணில் போகாத கிரீஸைப் புடவைத் தலைப்பால் தேய்த்துக்கொண்டே இருந்தாள்.

மருத்துவர் மறுபடி அனுமதித்த பிறகு இப்போது ஏறுகிறார்கள். ஏற்றம் தொடங்கும் முன்பே யதுநந்தன் தானாகவே கியரை லேசாக்கிவிடுகிறார். கேட்ட கேள்விக்கெல்லாம் நீட்டி முழக்கிப் பதிலும் சொல்கிறார். யதுகிரிக்குப் புதுக் கவலை பிடித்துக்கொண்டது: தன்னைச் சமாதானப்படுத்த மூச்சை அடக்கிக்கொண்டு பேசுகிறாரோ?

போன ஞாயிறு வியூ பாயிண்டில் சைக்கிள்களைச் சாய்த்துவிட்டு நின்றார்கள். கீழே ஊர் வெயிலில் தெளிந்துகொண்டிருந்தது.

"மணி என்ன ஆறது?" என்று அவர் மணிக்கட்டைப் பிடித்தாள். பிடித்த கையை விடவில்லை. விரல்கள் கடிகாரப் பட்டையின் ஓரத்தில் நாடியைத் தேடின.

யதுநந்தன் அவள் முகத்தைப் பார்த்தார். கடிகாரத்தைக் கழற்றிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு, வெறும் மணிக்கட்டை மறுபடி அவளிடம் நீட்டினார்.