கதாநாயகிக்கு வெள்ளையடித்த கதை

உலக வரலாற்றிலேயே மிக நீளமான வாகன நெரிசலில், ஜெர்மனியின் டார்ம்ஸ்டாட் நகருக்கு அருகே, இன்று இரண்டு பெண்களிடம் சிறைப்பட்டிருந்தேன்.

பின் இருக்கையில் என் தங்கையின் மகள் அபி. யப்பானியக் கார்ட்டூனான அனிமேக்கு நடக்கும் விழாவில் வேடமிட்டு மேடையேறப் போகிறாள். அனிமேயில் எங்கள் நிறத்தவர்கள் பெரும்பாலும் அடியாட்களாகத்தான் வருவார்களாம். அவளுக்குப் பிடித்த தொடரில் இப்போதுதான் மாநிறத்தில் ஒரு கதாநாயகி வந்திருக்கிறாள்.

முன் இருக்கையில் மேக்கப் அக்கா. ஜெர்மனியில் பிள்ளைகள் பெரியவளானதற்கு நடக்கும் சாமத்திய வீடுகளில் பாதி அவர் கைவண்ணம். அபிக்கு வேடம் போட அவரைப் பிடித்துக் கொடுத்தவன் அடியேன்.

அக்கா கடைசிவரை கண்ணாடி காட்டவில்லை. அபி காருக்குள்தான் தன் முகத்தைக் கைபேசியில் பார்த்தாள். அலறலில் பக்கத்து லொறி அதிர்ந்தது.

"என்னை ஏனக்கா வெள்ளையாக்கினீங்கள்?"

"ஹீரோயின் எண்டு சொன்னனியெல்லோ பிள்ளை? ஹீரோயினைக் கறுப்பா விடுவினமோ?"

"அவ என்ர நிறமக்கா! அதுக்காகத்தானே இந்த வேஷமே போட்டனான்! மாமா, நீங்கள் சொல்லுங்கோ!"

"ஓம் தம்பி, நீங்களே சொல்லுங்கோ."

இறங்கி ஓடலாமென்றால், ஆட்டோபான் நெடுஞ்சாலையில் நடக்கத் தடை.

மேடையேற ஒரு மணி நேரமே இருந்தது. ஈரத் துடைதாள் பொட்டலத்தைப் பின்னால் நீட்டினேன். ஆயிரம் தாள்கள் போன பிறகே பிள்ளையின் கன்னம் தெரிந்தது. அக்கா ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

அபி தன் நிறத்தோடு மேடையேறினாள். கைதட்டல் யப்பானுக்கே கேட்டிருக்கும்.

இப்போது அக்காவை வீட்டில் விட வேண்டும். திரும்பும் வழியிலும் நெரிசலாம். யப்பான்காரனே ஒப்புக்கொண்ட நிறத்தை, எங்கள் அக்காவை ஒப்புக்கொள்ள வைக்கும் வீரர் யாராவது இருந்தால் கை தூக்குங்கோ. காரில் ஓர் இருக்கை காலி.