மதகடியில் ஒரு பாரா

முன்னாள் படைவீரர்களுக்குக் கண் பார்க்கிற வேலையில் ஒரு கஷ்டம்: குண்டுக்குப் பயப்படாதவர்கள் என் சொட்டு மருந்துக்குப் பயப்படுவார்கள். தஞ்சாவூரில் அவர்களுக்கென்று இருக்கும் மருத்துவமனையில் நான் கண் பரிசோதகர். கண்ணாடியைக் கழற்ற லேசர் செய்யச் சொல்பவரிடம் "அதற்கு நம் இலவச மருத்துவத் திட்டத்தில் இடமில்லை" என்றும், கண்புரை முற்றியவரிடம் "இதற்கு இடமுண்டு, தயவுசெய்து செய்துகொள்ளுங்கள்" என்றும் சொல்லிச் சொல்லியே தொண்டை கட்டிவிடும். கிடைக்காததைக் கேட்பார்கள், கிடைப்பதை வேண்டாம் என்பார்கள். மேஜைக்குப் பின்னால் உட்கார்ந்து பிழைப்பவர்களே, உங்களுக்கு இது புரியும்.

இருட்டில் வாசித்தவர்

ஒரத்தநாட்டுப் பக்கத்திலிருந்து ஹவில்தார் தங்கராசு வந்தார். ஓய்வு பெற்று விவசாயம் பார்ப்பவர். கூடவே மனைவி வசந்தா. இடது கண்ணை மூடிக்கொண்டு வலது கண்ணால் எதிரிலிருந்த அட்டையை வாசிக்கச் சொன்னேன். கணீரென்று ஆரம்பித்தார். பாதியில் கரண்ட் போய்விட்டது. ஜன்னலில்லாத அறை, என் கையே எனக்குத் தெரியவில்லை. அவர் நிறுத்தவில்லை. பொடி எழுத்துக் கடைசி வரி வரை அந்த இருட்டுக்குள்ளிருந்து குரல் வந்துகொண்டே இருந்தது.

கரண்ட் வந்ததும் டார்ச் அடித்துப் பார்த்தேன். புரை முற்றி, கண்மணி வெள்ளை வெளேரென்று இருந்தது. இந்தக் கண்ணால் அவர் அட்டையையே பார்த்திருக்க முடியாது. யாரிடம் விளையாடுகிறீர்கள் என்று கோபமாகத்தான் கேட்டேன். அவர் அசரவில்லை. "பட்டாளத்துல சேர்றப்ப மனப்பாடம் பண்ணதும்மா. இந்தக் கண்ணு இப்படியே இருக்கட்டும், விட்டுடுங்க."

வெயிலில் பனிக்கோட்டு

ஏன் மறைத்தார் என்பதை வசந்தாதான் போட்டு உடைத்தார். அவர்கள் வீட்டுக்கு எதிரே வயல், வயலோரம் வாய்க்கால் மதகு. பொழுது சாயும்போது அந்த மதகடியில் பீட்டர் நிற்கிறாராம், சித்திரை வெயிலிலும் பனிக்கோட்டோடு. பீட்டர் வேளாங்கண்ணிப் பக்கத்துக்காரர், எல்லையில் பனிமலைக் காவலில் தங்கராசுவோடு இருந்தவர். ஒருநாள் தங்கராசுவுக்குக் காய்ச்சல் என்று அவருடைய காவல் முறைக்கும் சேர்த்துப் பாரா நின்றார். அன்றைக்குப் பனி சரிந்து அவரை மூடிவிட்டது.

பாரா நிற்பவர், அடுத்த ஆள் வந்து மாற்றிவிடாமல் இடத்தை விட்டு நகரக் கூடாது. மாற்றிவிட வேண்டிய ஆள் தங்கராசு. அதனால்தான் பீட்டர் இங்கே வந்து நிற்கிறார் என்பது அவர் கணக்கு. வலது கண்ணுக்கு மட்டும் தெரிகிறாராம். புரையை எடுத்தால் பீட்டர் தெரியாமல் போய்விடுவார், அப்புறம் அந்த மனிதர் யாரும் பார்க்காமல் தனியாக நிற்க வேண்டியதுதான்.

பார்வை மங்கும்போது மூளை தானாகவே உருவங்களைக் காட்டும், பலருக்கும் வருவதுதான், இது பைத்தியமில்லை என்று விளக்கினேன். பொறுமையாகக் கேட்டுக்கொண்டார். வசந்தா ஏனோ தலையைக் குனிந்துகொண்டார். தங்கராசுதான் கேட்டார்: "மூளை காட்டுற உருவம்னா, சேத்துல பூட்ஸ் தடம் எப்படிம்மா கிடக்கும்?"

பாரா மாற்றம்

புரை இதற்கு மேல் முற்றினால் கண்ணுக்குள் அழுத்தம் ஏறி, கண்ணே போய்விடும் என்று டாக்டர் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். வசந்தா அங்கேயே அழுதார். எனக்கும் பொறுக்கவில்லை. "செத்தவருக்காக ஒரு கண்ணைக் கொடுப்பீர்களா?" என்று சத்தம் போட்டுவிட்டேன். தங்கராசு, "இன்னிக்கு சாயங்காலம் மட்டும் எனக்கு விடுங்க" என்றார்.

மறுநாள் அறுவைச் சிகிச்சைக்குச் சீட்டு வாங்க வந்தபோது நடந்ததை வசந்தா சொன்னார். தங்கராசு பெட்டியிலிருந்த பழைய பட்டாளத் தொப்பியை எடுத்து மாட்டிக்கொண்டு, வேட்டியோடு மதகடிக்குப் போயிருக்கிறார். விறைப்பாக நின்று சல்யூட் அடித்து, இந்தியில் ஏதோ சொல்லியிருக்கிறார். என்ன சொன்னார் என்று கேட்டால், "இனி என் பொறுப்பு, நீ போகலாம்னேன்" என்றாராம். வசந்தா வரப்பிலேயே நின்றிருக்கிறார். "எதுத்தாப்ல நின்னவரு பதில் சல்யூட் அடிக்கட்டும்னு காத்திருந்த மாதிரி நின்னாரும்மா, அப்புறம்தான் கைய இறக்குனாரு."

கூட வந்தவர்

அறுவைச் சிகிச்சை நல்லபடியாக முடிந்தது, திட்டத்திலேயே. நானும் பாடம் கற்று அட்டையை மாற்றி வைத்திருந்தேன், தங்கராசு நிஜமாகவே வாசித்தார். வயலில் கொக்கு தெரிகிறதாம். மதகடியில் ஒருவருமில்லையாம். எனக்கு அப்படியொரு சந்தோஷம்.

அவர் மருந்து வாங்கப் போனதும் வசந்தாவை உட்கார வைத்தேன். அவர் கண்ணிலும் புரை ஆரம்பித்திருந்தது. மனைவிக்கும் திட்டத்தில் உண்டு, சீக்கிரமே செய்துவிடலாம் என்றேன். அவர் என் கையைப் பிடித்தார். அவர் விரல்கள் சில்லென்று இருந்தன. மதகடியில் இப்போதும் ஆள் நிற்கிறாராம், பீட்டர் இல்லை. கல்யாணத்தன்று பார்த்த வயதில், அதே தொப்பியோடு தங்கராசு. முந்தின நாள் தங்கராசு கூடத்தில் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோதே வெளியேயும் நின்றிருக்கிறார். மூளை காட்டும் உருவம் என்று நான் ஆரம்பித்ததும் வசந்தா குறுக்கிட்டார். "எனக்கு ஆபரேஷன் வேணாம்மா. நானும் பாக்கலன்னா, அவர மாத்திவிட யாரு இருக்கா?"

கட்டிய மனைவிக்கும் கண் பார்க்க இடம் கொடுத்திருக்கும் எங்கள் திட்டத்தில், பாரா மாற்றிவிட ஓர் ஆளை அனுப்பத்தான் இன்னும் வழி வைக்கவில்லை.