தியாகலிங்கத்தார் கேட்ட முடிவு

சிவநேசம் டோர்வலில் விமானப் பயணிகளுக்குச் சாப்பாடு கட்டும் சமையற்கூடத்தில் வேலை செய்கிறாள். புலம்பெயர்ந்து வருமுன் யாழ்ப்பாணத்தில் சங்கீத ரீச்சராக இருந்தவள். கூட வேலை செய்யும் இத்தாலிக்காரி எலிசா ஒருநாள் அவளை ஓப்பரா என்ற இசைநாடகம் பார்க்கக் கூட்டிப்போனாள். மேடையில் நாட்டைப் பறிகொடுத்த சனம் ஒன்றாய் நின்று பாடியது. "இத்தாலிக்காரர் எங்களுக்கென்று ஒரு நாடு இல்லாத காலத்தில் இப்படிப்பட்ட பாட்டுத்தான் எங்களுக்கு நாடாக இருந்தது" என்று எலிசா காதுக்குள் பிரெஞ்சில் சொன்னாள்.

அந்தக் குளிர்காலம் முழுக்க சிவநேசம் தமிழில் ஓர் ஓப்பரா எழுதினாள். வன்னியில் போரின் கடைசி மாதங்கள்தான் கதை. இங்கே பிறந்த பிள்ளைகள் தமிழர் நிறைய வாழும் பார்க் எக்ஸ்டென்ஷன் பகுதியில் ஒரு தேவாலயத்தின் நிலவறையில் பாடிப் பழகினார்கள். பாதிப்பேருக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது; ஆங்கில எழுத்தில் எழுதி வைத்துப் பாடினார்கள். தமிழ்ச் சங்கத் தலைவர் தியாகலிங்கம் மண்டபம் பிடித்துக் கொடுத்தார். ஒத்திகைக்கு வந்த அன்று அவரும் அழுதார்.

கடைசிக் காட்சியில் தாய்மார் காணாமற்போன பிள்ளைகளின் பெயர்களைக் கூப்பிடுவார்கள். சிவநேசத்தின் தம்பி அருள்நேசனின் பெயரும் வரும். யாரும் பதில் சொல்லமாட்டார்கள். அத்தோடு பாட்டு நின்றுவிடும்.

"ரீச்சர், இப்பிடி முடிக்கேலாது. சனம் வெல்லவேணும்" என்றார் தியாகலிங்கம்.

"எங்கை அண்ணை நாங்கள் வெண்டது?"

"மேடையிலையாவது வெல்லட்டுமன்."

"அது பொய்யெல்லோ?"

போராட இயக்கத்துக்குப் போன மகனைப் பறிகொடுத்தவர் அவர். "அப்ப என்ரை பெடியன் சும்மாவோ செத்தவன்?"

"நீங்கள் நினைச்ச மாதிரிச் செய்யுங்கோ" என்று சொல்லிவிட்டு வெளியே வந்தாள். அதன்பிறகு ஒத்திகைக்குப் போகவில்லை.

மே மாதம், போர் முடிந்த நினைவு நாளில், மண்டபம் நிறைந்தது. பின்வரிசையில் போய் உட்கார்ந்தாள். கடைசிக் காட்சியில் பறை முழங்கியது, நாடு பிறந்தது, தாய்மார் பூத்தூவினார்கள். பெயர்கள் ஒன்றுமில்லை. சனம் எழுந்து கைகோத்துப் பாடியது, வயதானவர்கள் விம்மினார்கள். அவளுக்கு முன்னே முதுகுகள் மட்டும்தான் தெரிந்தன.

"அக்கா, எழும்புங்கோ" என்று பக்கத்தில் நின்ற பெண் கையைப் பிடித்துத் தூக்கினாள்.

எழுந்து நின்றாள்.

பஸ்ஸில் திரும்பும்போது தம்பியின் பெயரைத் தான் போட்ட மெட்டில் பாடிப் பார்த்தாள். வாய் வெற்றிப் பாட்டுக்கே போனது. திரும்பத் திரும்ப முயன்றாள். பிறகு விட்டுவிட்டாள்.

இப்போது ஒவ்வொரு மேயிலும் அது மேடையேறுகிறது. நோட்டீசில் அவள் பெயரைத்தான் பெரிதாகப் போடுகிறார்கள். அழைக்க வரும் தியாகலிங்கத்துக்குத் தேத்தண்ணி கொடுத்து, "அண்டைக்கு வேலை, அண்ணை" என்கிறாள். அவரும் வற்புறுத்துவதில்லை.