மின்விசிறிக்குக் கீழே இரண்டு நாற்காலி

ஓய்வு பெற்றதும் சுரங்க நிறுவனத்தின் டவுன்ஷிப் குவார்ட்டர்ஸைக் காலி செய்துவிட்டு மந்தாரக்குப்பத்தில் ஒரு வாடகை வீட்டுக்கு வந்தோம். காலி செய்யும் நடைமுறையில் எனக்கு எந்தச் சந்தேகமும் இல்லை. பணியாளர் பிரிவில் இருந்துகொண்டு அதை மற்றவர்களுக்கு ஆண்டுக்கணக்கில் விளக்கியவன் நான். என் மனைவிக்கு மட்டும் ஒரு குறை இருந்தது. புது வீட்டில் இங்கிலாந்துக் கால்பந்து தெரியவில்லை. டவுன்ஷிப் பள்ளியில் கணக்கு ஆசிரியையாக இருந்தவள் அவள். சனிக்கிழமை மாலைகளில் விடைத்தாள் கட்டை மடியில் வைத்துக்கொண்டு அந்த ஆட்டங்களைப் பார்ப்பது அவள் வழக்கம். கோல் விழுந்த நேரத்தில் தாள் திருத்தப்பட்ட மாணவனுக்கு மதிப்பெண் கூடியதா என்று நான் கேட்டதில்லை.

கேபிள்காரர், இந்தத் தெருவில் அந்தச் சேனலைக் கேட்பது நீங்கள் ஒருவர்தான் என்றார். வீட்டுக்காரர் மொட்டை மாடியில் குடை ஆன்டெனா வைக்க விடவில்லை. மிச்சம் இருந்தது டவுன்ஷிப்பில் எங்கள் பழைய பிளாக்குக்குப் பக்கத்து மனமகிழ் மன்றம். அங்கே டிவி ஹாலில் பெரிய திரை உண்டு. ஓய்வு பெற்றவர்களும் உள்ளே வரலாம். உட்காரத்தான் முடியாது.

"சர்வீஸ்ல இருக்கறவங்களுக்குத்தாங்க சேரு. காலியா இருந்தா நீங்க குந்தலாம்" என்றார் மன்றத்து உதவியாளர். காலியாக இருந்ததே இல்லை. என் மனைவிக்கு இரண்டு முழங்காலும் தேய்மானம். இடைவேளை வரை சுவரைப் பிடித்துக்கொண்டு நிற்பாள். அதற்குமேல் முடியாமல் நாங்கள் ஆட்டோவில் திரும்புவோம். எந்த ஆட்டத்தின் முடிவையும் மறுநாள் பேப்பரில்தான் தெரிந்துகொண்டோம்.

அப்போதுதான் மன்றத்தில் கால்பந்து வினாடி வினா அறிவித்தார்கள். இருவர் இருவராகச் சேர வேண்டும். கேள்விகள் எல்லாம் இங்கிலாந்தின் முதல்நிலை லீக் ஆட்டக்காரர்களின் விளையாட்டு வாழ்க்கை பற்றியவை. ஜெயிக்கும் ஜோடிக்கு சீசன் முழுக்க டிவி ஹாலில் மின்விசிறிக்குக் கீழே இரண்டு நாற்காலி.

"பேர் குடுத்துட்டேன்" என்றாள்.

"யாரோட?"

"உங்களோடதான். வேற யாரு கிடைப்பா? நீங்க வாயத் திறக்காம பக்கத்துல உக்காந்தா போதும்."

வாயைத் திறக்காமல் இருப்பதற்காகக்கூட நான் படிக்க வேண்டியிருந்தது. காலையில் இட்லிக்கு நடுவே கேட்பாள். கோல் போட்ட கோல்கீப்பர் யார், ஒரே ஆட்டத்தில் இரண்டு பக்கமும் கோல் போட்டவர் யார், பகலில் தொழிற்சாலையில் வேலை பார்த்துவிட்டு மாலையில் சின்ன கிளப்பில் ஆடி, பிறகு முதல்நிலைக்கு ஏறியவர் யார். எனக்குப் பெயர்கள் நிற்கவில்லை. சர்வீஸ் ரெஜிஸ்டராக நினைத்துக்கொண்டதும் எல்லாம் நின்றன. சேர்ந்த கிளப்பிலேயே ஓய்வு பெற்றவர்கள் நம் ஆட்கள் மாதிரி. வருடத்துக்கொரு கிளப் மாறியவர்கள் மேலதிகாரியோடு ஒத்துப்போகாதவர்கள். ஒரு கிளப் தன் ஆளைக் கொஞ்ச காலத்துக்கு இன்னொரு கிளப்புக்கு அனுப்புவதை அங்கே லோன் என்கிறார்கள். அது நம் டெபுடேஷன்தான், பயணப்படிதான் அதிகம்.

போட்டியன்று ஹால் நிறைந்திருந்தது. ஒவ்வொரு ஜோடியாகக் கழிந்து கடைசியில் நாங்களும் மைன்ஸ் பொறியாளர்கள் இருவரும் நின்றோம். இருவரும் ஒரே கிளப்பின் சிவப்பு ஜெர்சி போட்டிருந்தார்கள். அவர்களில் உயரமானவர் என்னைப் பார்த்து, "சார், நீங்க ஆடுறீங்களா, இல்ல ஓரமா கொடி பிடிக்கிற லைன்ஸ்மேனா?" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நான் அறிவுரைப்படி வாயைத் திறக்கவில்லை.

மதிப்பெண் சமமாக இருந்தபோது கடைசிக் கேள்வி வந்தது. கேட்டவர் மன்றத்தின் விளையாட்டுச் செயலாளர், என் மனைவியிடம் கணக்குப் படித்தவர். திரையில் ஒரு ஆட்டக்காரரின் படம் வந்தது. "இவரு அந்த சீசன்ல வாராவாரம் ஆடுனாரு, கோலும் போட்டாரு. நடுவுல ஒரே ஒரு மேட்ச்ல டீம்லயே இல்ல. அடுத்த வாரம் திரும்பவும் ஆடுனாரு. ஏன்?"

இரண்டு ஜோடியும் பலகையில் எழுதிக் காட்ட வேண்டும். பொறியாளர்கள் 'காயம்' என்று எழுதினார்கள். என் மனைவி, 'அந்த வாரம் எதிர் டீம் அவருடைய சொந்த கிளப்' என்று எழுதினாள்.

செயலாளர் கையிலிருந்த அட்டையைப் பார்த்தார். "காயம்தான் சரி."

கைதட்டல் எழுந்தது. சிவப்பு ஜெர்சிகள் கட்டிப்பிடித்துக்கொண்டன. என் மனைவி எழுந்திருக்கவில்லை.

"தம்பி, அந்த அட்டைய யார் எழுதினது?"

"நான்தான் டீச்சர். நெட்ல பாத்து எழுதினேன்."

"வழிமுறை இல்லாம விடைய மட்டும் பாத்து எழுதற பழக்கம் உனக்குப் போகலை."

ஹால் சிரித்தது. உயரமான பொறியாளர், "டீச்சர், ரிசல்ட் சொல்லியாச்சு, விடுங்க" என்றார். இங்கேதான் நான் வாயைத் திறந்தேன். பரிசு வழங்கும்வரை ஆட்சேபணை எழுப்பலாம் என்பது மன்ற விதி. அதை வரைந்தவர்களில் நானும் ஒருவன். ஆட்சேபணை பதிவானது என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தேன்.

அவள் ஹாலைப் பார்த்துத் திரும்பினாள். "உங்கள்ல ஒருத்தரை வேற கம்பெனிக்கு டெபுடேஷன்ல அனுப்புறாங்க. நீங்க இன்னமும் இங்கத்து ஆள்தான். ஒருநாள் அந்தக் கம்பெனியும் நம்ம கம்பெனியும் ஒரே டெண்டருக்கு எதிரெதிரா வருது. அங்க உங்கள அந்த மேசையில உக்கார வைப்பாங்களா?"

"வைக்க மாட்டாங்க" என்று பின்னாலிருந்து நாலைந்து குரல்கள் வந்தன.

"அந்த ஆளும் லோன்ல போனவர். லோன்ல போனவர் சொந்த கிளப்புக்கு எதிரா ஆடக் கூடாதுன்னு அந்த லீக்ல விதி இருக்கு. அவருக்குக் கால் நல்லாத்தான் இருந்தது. எனக்குத்தான் இல்லை."

ஹாலில் டெபுடேஷன் தெரியாதவர் ஒருவரும் இல்லை. சத்தம் மாறியது. செயலாளர் கைபேசியை எடுத்துக்கொண்டு வாசலுக்குப் போய் சிக்னல் தேடினார். திரும்பி வந்தபோது அவர் முகம், அந்தக் காலத்துப் பரீட்சை அறையில் இருந்திருக்கக்கூடிய முகமாக இருந்தது. "டீச்சர் சொல்றது சரி" என்றார்.

ஆனால் மன்றம் என்றால் கமிட்டி உண்டு. கமிட்டி கேரம்போர்டு மேசையைச் சுற்றிக் கூடியது. கைதட்டி முடித்த வெற்றியை எப்படித் திரும்பப் பெறுவது என்று நெடுநேரம் யோசித்தது. கடைசியில் இரண்டு விடைகளையும் ஏற்று, ஆட்டம் சமன், ஜோடிக்கு ஒரு நாற்காலி என்று தீர்ப்பளித்தது. சரியையும் தவறையும் ஒரே வரியில் சமமாக அங்கீகரிக்கும் அந்தத் தீர்மானத்தின் நடை எனக்குப் பழக்கமானது. அது மாதிரி எத்தனையோ வரைந்து கொடுத்திருக்கிறேன். மேல்முறையீட்டுக்கு இடம் இருந்தது. நான் எழுந்தேன்.

"உக்காருங்க" என்றாள் மனைவி. "ஒண்ணு கிடைச்சிருக்கு. அதை வாங்கிக்கிட்டு அப்புறம் மேல போங்க."

அந்தச் சனிக்கிழமை அவள் மின்விசிறிக்குக் கீழே உட்கார்ந்தாள். பக்கத்து நாற்காலியில் சிவப்பு ஜெர்சிகள் இரண்டும் காற்றை விட மனமில்லாமல் ஆளுக்குப் பாதியாக ஒட்டிக்கொண்டிருந்தன. நான் ஜன்னலோரம் நின்றேன். "இன்னா சார், நின்னுகினே பாக்குறீங்க?" என்றார் உதவியாளர், நாற்காலி விதியை ஏதோ நானே போட்ட மாதிரி.

இடைவேளையில் என் கால் கடுத்தது. கொஞ்ச நேரம் மாற்றிக்கொள்ளலாமா என்று மனைவியைக் கேட்டேன்.

"ஆளை மாத்தணும்னா உள்ள இருக்கறவங்களுக்குக் கால் வலிக்கணும்" என்றாள், திரையிலிருந்து கண் எடுக்காமல். "எனக்கு இப்ப வலிக்கலை."

மந்தாரக்குப்பத்துக்கு வந்த பிறகு முதல் தடவையாக ஒரு ஆட்டத்தின் முடிவை அன்றைக்கே பார்த்தோம். அவள் உட்கார்ந்தும், நான் நின்றும்.