தம்பியை மலைக்குக் கூட்டிப்போனவள்

அந்தத் தெருவில் அவளை எல்லோரும் கண்ணாடிக்கடை அக்கா என்றுதான் கூப்பிட்டார்கள். அவளைவிட மூத்தவர்களுக்கும் அவள் அக்காதான். மூக்குக்கண்ணாடிக் கடையின் பின்னறையில் உட்கார்ந்து, லென்ஸின் ஓரத்தைச் சாணை பிடித்து ஃபிரேமுக்குள் பொருத்துவது அவள் வேலை. சக்கரத்தின்மேல் தண்ணீர் சொட்டிக்கொண்டே இருக்கும். தேய்ந்த தூள் வெள்ளைக் குழம்பாக வழியும். எவ்வளவு கழுவினாலும் நகக்கண்ணில் கொஞ்சம் தங்கிவிடும். வாடிக்கையாளர் புதுக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு தெருவை எட்டிப் பார்த்து, "அட, அந்த போர்டுல எழுத்து இருக்கா" என்று சொல்வது உள்ளே கேட்கும்போது மட்டும் தனியாகச் சிரித்துக்கொள்வாள்.

அப்பா வேறொரு குடும்பம் தேடிக்கொண்டு போய்விட்டவர். அம்மா நோயில் போனபோது தம்பி பள்ளிக்கூடம் போகிற பையன். அவன் ஒரு நிலைக்கு வரட்டும் என்று அவள் கல்யாணத்தைத் தள்ளிப்போட்டாள். பிறகு கல்யாணம் அவளைத் தள்ளிப்போட்டது. கேட்பவர்களும் ஒருகட்டத்தில் கேட்பதை நிறுத்திக்கொண்டார்கள். அவளுக்கு அதில் பெரிய குறை இருந்ததாகத் தெரியவில்லை. வீடு நிறையப் பேச ஒருவன் இருந்தான்.

தம்பிக்குத் தெரு வைத்த பெயர் ரேடியோ. மாடிப்படி ஏறும்போதே பேச்சைத் தொடங்கிவிடுவான். செருப்பைக் கழற்றுவதற்குள் பாதிக் கதை முடிந்திருக்கும். வேலையும் அதற்கேற்ற மாதிரி அமைந்தது. தொலைபேசியில் புகார் கேட்கும் ஒரு கம்பெனி. கொதித்துப் போய்க் கூப்பிடுகிறவர்களைக்கூடச் சிரிக்க வைத்துத்தான் போனை வைக்க விடுவான் என்று பெயர் வாங்கியிருந்தான்.

ஒரு மத்தியானம், பேச்சின் நடுவே, காதில் மாட்டியிருந்ததைக் கழற்றி மேஜைமேல் வைத்துவிட்டு எழுந்து வீட்டுக்கு வந்தான். சட்டையைக்கூட மாற்றாமல் படுத்தான். அதன்பிறகு அவன் சரியாக எழுந்திருக்கவே இல்லை.

காரணம் தேடி அவள் அலையாத இடம் இல்லை. காதலா என்று அவனுடைய சிநேகிதர்களிடம் கேட்டாள். ஆபீசில் யாராவது ஏதாவது சொன்னார்களா என்று மேலாளரிடம் போய் நின்றாள். ஒன்றும் இல்லை. ஒன்றும் இல்லை என்பதுதான் அவளைத் தின்றது. மனநல டாக்டர் பொறுமையாகச் சொன்னார்: "காரணம் இருந்தாத்தான் வரும்னு இல்லம்மா. மாத்திரை கொடுக்கறேன். நாளாகும். விட்டுடாதீங்க." அவள் விடவில்லை. மாத்திரை மாறியது, அளவு மாறியது. தம்பி முதலில் தூங்கியே கிடந்தான், பிறகு தூங்காமல் கிடந்தான். தெருமுனையில் ஒருவன் "என்னக்கா, ரேடியோ ரிப்பேரா?" என்று கேட்டான். கேட்டவன் நல்லவன்தான், வேடிக்கையாகத்தான் கேட்டான். அன்றிலிருந்து அவள் அந்த வழியாகப் போவதை விட்டு, சுற்றிக்கொண்டு போகத் தொடங்கினாள்.

இப்படியே நாள் ஓடிக்கொண்டிருந்தபோது ஒரு ஞாயிற்றுக்கிழமை, அவள் துணி மடித்துக்கொண்டிருந்தாள். தொலைக்காட்சியில் இமயமலையைக் காட்டினார்கள். முதுகில் மூட்டையோடு ஒரு வரிசை ஆட்கள் பனியில் ஏறிக்கொண்டிருந்தார்கள். கதவோரம் நின்று பார்த்துக்கொண்டிருந்த தம்பி சொன்னான்:

"அங்க போனா நல்லா இருக்கும் போல."

அவள் கையில் இருந்த துணி அப்படியே நின்றது. திரும்பிப் பார்த்தால் வார்த்தை கலைந்துவிடுமோ என்று பயந்து, தொலைக்காட்சியைப் பார்த்தபடியே கேட்டாள்.

"போலாமாடா?"

"எங்க?"

"அங்கதான். மலைக்கு."

"போலாம்" என்றான்.

அந்த ஒரு சொல் போதுமாயிருந்தது. மறுநாளே கடை முதலாளியிடம் போய் நின்றாள். இத்தனை வருஷத்தில் சேர்ந்தாற்போல லீவு கேட்காதவள் கேட்டதும் அவர் ஆடிப்போனார். "மலையா? உனக்கு மாடி ஏறினாலே மூச்சு வாங்குமே" என்றார். "அதான் சார், பழகிக்கறேன்" என்றாள். பழக்கப்பட்ட வழிகாட்டிகளை வைத்துக் கூட்டமாக ஆட்களை அழைத்துப்போகிற ஒரு குழுவில் இரண்டு பேருக்கும் இடம் பிடித்தாள். டாக்டரைக் கேட்டாள். அவர் பரிசோதனைகள் செய்து பார்த்துவிட்டு, மாத்திரையை நிறுத்தக்கூடாது என்ற நிபந்தனையோடு சம்மதித்தார்.

பயிற்சிக்கு அவர்கள் குடியிருந்த கட்டடத்துப் படிகள்தான். காலையில் தண்ணீர் பாட்டில்களை முதுகுப்பையில் அடைத்துக்கொண்டு அக்காவும் தம்பியும் ஏறுவார்கள், இறங்குவார்கள், மறுபடி ஏறுவார்கள். பால் எடுக்க வருகிறவர்கள் ஒதுங்கி நின்று வேடிக்கை பார்த்தார்கள். மூன்றாம் மாடிக்காரர் கதவைத் திறந்து, "லிஃப்ட் வேலை செய்யுதே, தெரியாதா?" என்றார். தம்பி சிரித்தான். உதட்டால் மட்டும் இல்லை, சத்தம் வரச் சிரித்தான். அவள் அந்தப் படியிலேயே உட்கார்ந்து, கால் வலிக்கிற மாதிரி பாசாங்கு செய்து, முழங்காலில் முகத்தை வைத்துக்கொண்டாள்.

மலையடிவாரத்தில் கூட்டம் சேர்ந்தது. லீடர் ஒரு இளம்பெண். கத்தரித்த முடி, வெயிலில் கருத்த முகம். எல்லோரிடமும் ஒரே மாதிரி கண்டிப்பு. கூட வந்தவர்களில் ஓய்வு பெற்ற வங்கி அதிகாரி ஒருவர் காது மூடிய கம்பளித் தொப்பியை முதல்நாளே மாட்டிக்கொண்டு வந்தார். அங்கே வெயில் கொளுத்திக்கொண்டிருந்தது. அவருக்குத் தொப்பி சார் என்று பெயர் விழுந்துவிட்டது. நடக்கும்போதெல்லாம் எதையாவது மென்றுகொண்டே இருப்பார். மெல்லாத நேரத்தில் தன் மருமகளைப் பற்றிச் சொல்வார்.

முதல் நாட்களில் வழி காட்டுக்குள் போயிற்று. பிறகு மரங்கள் குள்ளமாகி, புதராகி, வெறும் புல்லாயின. அதற்குமேல் கல். தினமும் சாயங்காலம் லீடர் ஒவ்வொருவர் விரலிலும் ஒரு சிறு கருவியை மாட்டி, ரத்தத்தில் பிராணவாயு எவ்வளவு என்று பார்ப்பாள். தம்பிக்கு எப்போதும் நல்ல அளவு. "பிறவி மலைக்காரன் மாதிரி இருக்கீங்க" என்றாள் லீடர். அவன் தலையாட்டினான். பேச்சு வீட்டில் இருந்த அளவுக்குத்தான். ஆனால் நடந்தான், கொடுத்ததைச் சாப்பிட்டான், கூடாரத்துக்குள் படுத்ததும் தூங்கினான். அவளுக்கு அதுவே திருவிழா. குளிரில் பல் கிட்டிக்கொண்டு படுத்திருக்கும்போது, ஊர் திரும்பினதும் அந்தக் கம்பெனிக்கே போய் மறுபடி வேலை கேட்கலாமா, வேறு இடம் பார்க்கலாமா என்று மனதுக்குள் ஏற்பாடு செய்துகொண்டிருந்தாள்.

பயணத்தின் உச்சி ஒரு கணவாய். அதற்கு முந்தின முகாமில் அவளுக்குத் தலைவலி தொடங்கியது. நெற்றியில் யாரோ உள்ளேயிருந்து முட்டுவதுபோல இருந்தது. யாரிடமும் சொல்லவில்லை. சொன்னால் இறங்கச் சொல்வார்கள். தான் இறங்கினால் அவனும் இறங்கிவிடுவான். மத்தியானச் சூப்பைக் குடித்த கையோடு பாறைக்குப் பின்னால் போய் வாந்தி எடுத்தாள். எழுந்தபோது கால் பின்னியது. விழப்போனவளை ஒரு கை பிடித்தது. தம்பி.

"அக்கா. என்னைப் பாரு. எவ்வளவு நேரமா இப்படி?"

"ஒன்னுமில்லடா, சூப்பு ஒத்துக்கல."

"பொய் சொல்லாத. உதடு நீலமா இருக்கு." அவன் குரல் மேலேறியது. "மேடம், இங்க வாங்க. சீக்கிரம் வாங்க."

லீடர் வந்து கருவியை மாட்டிப் பார்த்தாள். முகத்தில் ஒன்றும் காட்டாமல், "எழுந்து நேரா நடங்க அக்கா. குதிகாலும் விரலும் ஒட்டுற மாதிரி, ஒரே கோட்டுல" என்றாள். குழந்தைகள் விளையாட்டுப்போல இருந்தது. சிரித்துக்கொண்டே அடியெடுத்து வைத்தவள் கோட்டை விட்டு விலகி, தொப்பி சாரின் மேலேயே போய்ச் சாய்ந்தாள்.

"உயரம் ஒத்துக்கல. இறங்கணும். இப்பவே" என்றாள் லீடர்.

அதன்பிறகு நடந்ததைத்தான் அவள் பின்னாளில் திரும்பத் திரும்ப நினைத்துக்கொண்டிருந்தாள். தம்பி மளமளவென்று வேலை செய்தான். அவளுடைய மூட்டையைக் கட்டினான். காலணிக் கயிற்றை அவிழ்த்து, இறக்கத்தில் விரல் முட்டாதபடி இறுக்கிக் கட்டினான். கூடவே வாய் ஓயாமல் பேசினான். "குதிரை இருக்கா மேடம்? வழியில தண்ணி எங்க இருக்கு? யார் கூட வர்றாங்க, அவருக்கு நம்ம பேச்சு புரியுமா? அக்கா, வழியில தூங்கிடாத, கேக்குதா? எதையாவது பேசிட்டே போ. தொப்பி சாரோட மருமக கதையச் சொல்லு, அதுக்கு முடிவே கிடையாது." மண்டை பிளக்கிற வலிக்கு நடுவே அவள் அவனையே பார்த்துக்கொண்டிருந்தாள். காணாமல் போன பிள்ளை கூட்டத்தில் தென்பட்ட மாதிரி இருந்தது.

"நானும் வர்றேன்" என்றான்.

"வேண்டாம்."

"அக்கா, கிறுக்கு மாதிரி பேசாத."

"நீ மேல போ. நாளைக்கு ஏறிட்டு வா. எனக்காகப் போடா." அவன் கையைப் பிடித்துக்கொண்டாள். "நீ இப்பத்தான் எழுந்திருக்க. இதுல பாதியில இறங்கக் கூடாது."

அவன் லீடரைப் பார்த்தான். கீழே இறங்கினாலே சரியாகிவிடும், துணைக்கு அனுபவசாலி போகிறார் என்று லீடர் சொன்னாள். அவன் கையை விட்டான். மலைக்கார வழிகாட்டி ஒருவர் அவளைத் தோளில் தாங்கிக்கொண்டு இறங்கத் தொடங்கினார். அவள் வளைவில் திரும்பிப் பார்த்தபோது அவன் அதே இடத்தில் நின்றுகொண்டிருந்தான்.

லீடர் சொன்னபடியே ஆயிற்று. கீழ் முகாமுக்கு வந்துசேரும்போதே பாதி வலி போயிருந்தது, விடிந்ததும் பசித்தது. சமையல் கூடாரத்தில் கிழங்கு உரித்துக்கொண்டிருந்தவரிடம் ஒரு கத்தியை வாங்கித் தானும் உரித்தாள். அவருக்கு இவள் பேச்சு புரியாது. புரியாதது வசதியாக இருந்தது. "என் தம்பி மேல போயிருக்கான். சரியாயிட்டான் தெரியுமா?" என்றாள். அவர் சிரித்து இன்னும் கொஞ்சம் கிழங்கைத் தள்ளினார்.

மத்தியானம் சாயும்போது கூட்டம் இறங்கி வந்தது. தொப்பி சார் தூரத்திலிருந்தே இரண்டு கையையும் தூக்கினார். ஒருவரையொருவர் கட்டிக்கொண்டார்கள், பனியில் வெந்த முகங்கள் பளபளத்தன. தம்பி கடைசியில் வந்தான். மூட்டையை இறக்கி வைத்து, அவள் நெற்றியைத் தொட்டுப் பார்த்தான்.

"வலி போயிடுச்சா?"

"போயே போச்சு. நீ சொல்லு. எப்படி இருந்துச்சு?"

"நல்லா இருந்துச்சு."

அந்தக் குரலை அவளுக்குத் தெரியும். கதவுக்கு அந்தப் பக்கத்திலிருந்து, சாப்பிட்டாயா என்று கேட்டால் வருகிற குரல். ஓடைக்கரைப் பக்கம் அவனைத் தனியாகக் கூட்டிப்போனாள். கல்மேல் உட்கார்ந்தார்கள்.

"என்கிட்ட சொல்லுடா."

அவன் தண்ணீரைப் பார்த்துக்கொண்டிருந்தான். "எல்லாரும் அழுதாங்கக்கா. தொப்பி சார் தேம்பித் தேம்பி அழுதாரு. நானும் அழணும்னுதான் பார்த்தேன். ஒன்னும் வரல. வெள்ளையா இருந்துச்சு, காத்தடிச்சுது. அவ்வளவுதான். இதுக்கு மேல ஏற வேண்டியது இல்லன்னு லீடர் சொன்னதும் பயந்துட்டேன்."

"எதுக்குப் பயம்?"

"கீழ இருக்கறப்ப, அங்க போயிட்டா சரியாயிடும்னு ஒன்னு இருந்துச்சு. இப்ப அதுவும் இல்ல."

கெஞ்சுகிறவள் மாதிரி கேட்டாள். "நேத்து நல்லாத்தானேடா இருந்த? என்னைப் பிடிச்ச, மூட்டை கட்டின, அவ்வளவு பேசின. பழையபடி இருந்தியே."

"நீ செத்துடுவியோன்னு இருந்துச்சு. அந்தப் பயத்துல வேற எதுவும் தெரியல." சொல்லிவிட்டு ஒரு கூழாங்கல்லை எடுத்துப் பார்த்து வைத்தான். "நீ வளைவு தாண்டிப் போன. லீடர் வந்து, உனக்கு ஒன்னும் ஆகாதுன்னு சொன்னாங்க. உடனே, வீட்டுல படுத்தே கிடப்பேனே, அது திரும்ப வந்துடுச்சு."

ஓடை இரைந்துகொண்டிருந்தது. கூடாரங்களின் பக்கம் யாரோ பாடினார்கள், மற்றவர்கள் கைதட்டினார்கள். அவளுக்கு ஒரு நினைப்பு வந்தது. மேலேயே, தலை வெடிக்க, அந்தக் கோட்டில் நடக்கத் தெரியாதவளாகவே தான் இருந்திருக்கலாம். தன்னைத் தூக்கிக்கொண்டு அவன் ஓடிக்கொண்டே இருந்திருப்பான். நினைத்துவிட்டு நடுங்கிப்போனாள். அவன் குளிர் என்று நினைத்துத் தன் சால்வையை எடுத்து அவளுக்குப் போர்த்தினான். நினைவில்லாமல் கை செய்கிற வேலைபோல இருந்தது அது. கண் வேறெங்கோ இருந்தது.

ஊர் திரும்பினார்கள். ரயிலில் அவன் மேல் படுக்கையில் ஏறிப் படுத்தவன், இறங்க வேண்டிய இடம் வந்தபோதுதான் இறங்கினான். தொப்பி சார் எல்லோருக்கும் படம் அனுப்பியிருந்தார். கணவாயில் எல்லோரும் கைகளை உயர்த்திச் சிரிக்கிறார்கள், தம்பியும் சிரிக்கிறான். அதைப் பார்த்த முதலாளி, "பையன் தேறிட்டானே, நல்ல காரியம் பண்ணின" என்றார். படம் எடுப்பவர் சிரிக்கச் சொன்னதால் சிரித்த சிரிப்பு அது என்று அவளுக்கு மட்டும் தெரிந்தது. "ஆமா சார்" என்றாள்.

டாக்டர் மறுபடி மாத்திரையை மாற்றினார். முன்பெல்லாம் ஒவ்வொரு தடவையும் கிளம்பும்போது, "சரியாயிடுமா டாக்டர்?" என்று கேட்பாள். இந்தத் தடவை சீட்டை வாங்கிக்கொண்டு எழுந்தாள். டாக்டரே, "நம்பிக்கையா இருங்கம்மா" என்றார். அவள் தலையாட்டினாள்.

அடுத்த வருஷம் எந்த மலைக்கு என்று பக்கத்து வீட்டில் கேட்டார்கள். எங்கேயும் இல்லை என்றாள். கேட்டவள் காலுக்கு முடியவில்லையா என்று விசாரித்தாள். ஆமாம், காலுக்குத்தான் என்றாள்.

அன்று சோறு வடித்து, தட்டு வைத்துக் கூப்பிட்டாள். இரண்டாவது தடவை கூப்பிட்டதும் அவன் வந்து உட்கார்ந்தான். கறியைக் கொஞ்சம் கூடுதலாகப் போட்டாள். போதும் என்று கையைக் காட்டினான். சாப்பிட்டான், தட்டைக் கழுவிக் கவிழ்த்தான், அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டான். அவள் தன் தட்டில் சோற்றைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தாள். வெகுநேரம் கழித்துத்தான், அதில் குழம்பு ஊற்றாமல் தின்றுகொண்டிருப்பது அவளுக்குத் தெரிந்தது.